பழைய விளையாட்டு, புதிய பெட்டி: வாங்கி அடுக்குமுன் வணிகர் அறிய வேண்டியவை



பள்ளி விடுமுறையும் பண்டிகையும் நெருங்கும் காலத்தில் நம் கடைகளுக்கு வழக்கமான சரக்கோடு வேறு சில சரக்குகளும் வந்து சேருகின்றன. மளிகைக் கடையே ஆனாலும் கல்லாவுக்குப் பக்கத்தில் ஒரு கண்ணாடி அலமாரி போட்டு, அதில் பொம்மை, டார்ச் லைட், சார்ஜர், இயர்போன் என்று நாலு பொருள் வைத்திருப்போர் நம்மில் பலர் உண்டு. அந்த அலமாரியைக் குறிவைத்து வரும் சரக்குகளில் ஒன்று, டி.வி.யில் பொருத்தி ஆடும் சிறு வீடியோ கேம் பெட்டி.

கொண்டுவரும் முகவர் என்ன சொல்வார் என்பதை நாம் எளிதில் ஊகிக்கலாம். "அண்ணாச்சி, டி.வி.யில சொருகினா போதும். பத்தாயிரம் கேம் உள்ளேயே இருக்கு. மரியோ, கான்ட்ரா எல்லாம் இருக்கு. இருபது பீஸ் வச்சுப் பாருங்க. ஒரு வாரத்துல காலி." பில் கிடைக்குமா என்று கேட்டால், "பில் எதுக்கு அண்ணாச்சி, பீஸ் போனா நான் மாத்தித் தர்றேன்" என்பார்.

அடக்க விலை குறைவு, லாபம் அதிகம், அழுகும் பொருளும் அல்ல. வாங்கி வைத்தால் என்ன என்றுதான் யாருக்கும் தோன்றும். ஆனால் அந்தப் பெட்டிக்குள் மூன்று வெவ்வேறு சரக்குகள் உள்ளன. அவற்றுள் ஒன்றை விற்கத் தடையில்லை. மற்றொன்று நிபந்தனைக்கு உட்பட்டது. மூன்றாவது பெரும்பாலும் பிறர் உடைமை. இந்த மூன்றையும் பிரித்துப் பார்க்கக் கற்றுக்கொள்வதே இந்தப் பாடத்தின் நோக்கம்.

1. பெட்டிக்குள் இருப்பது என்ன?

முதலாவது, கருவி: பிளாஸ்டிக் கூடு, சிப், மின் அடாப்டர், கைப்பிடிகள். இரண்டாவது, எமுலேட்டர் எனப்படும் மென்பொருள். மூன்றாவது, விளையாட்டுகள். இவை 'ரோம்' கோப்புகளாக உள்ளே பதிந்திருக்கும். பழைய கேசட்டின் சிப்பில் இருந்ததை அப்படியே நகலெடுத்த கோப்புக்குத்தான் ரோம் என்று பெயர்.

எமுலேட்டர் செய்யும் வேலையை நம் பழைய வணிக வழக்கிலிருந்தே விளக்கலாம். கிழக்கிந்தியக் கம்பெனிகளின் காலத்தில் சென்னையிலும் புதுச்சேரியிலும் துபாஷிகள் இருந்தனர். வெள்ளைக்காரர் பேசுவதை உள்ளூர் வணிகருக்கும், உள்ளூர் வணிகர் பேசுவதை வெள்ளைக்காரருக்கும் மாற்றிச் சொல்வது அவர்கள் தொழில். எமுலேட்டரும் ஒரு துபாஷியே. பழைய விளையாட்டு, பழைய சிப்புக்கு மட்டுமே புரியும் கட்டளைகளில் எழுதப்பட்டது. புதிய சிப்புக்கு அந்தப் பேச்சு புரியாது. எமுலேட்டர் நடுவில் நின்று, ஒவ்வொரு கட்டளையையும் படித்து, புதிய சிப் செய்யக்கூடிய வேலையாக மாற்றிக் கொடுக்கிறது.

சிப்பின் பேச்சை மாற்றினால் மட்டும் போதாது. பழைய கருவியில் படம் வரைவதற்குத் தனிச் சிப், ஒலிக்குத் தனி ஏற்பாடு என்று இருந்தன. அவை ஒவ்வொன்றும் எந்த நொடியில் என்ன செய்ததோ, அதே நொடியில் அதைச் செய்துகாட்ட வேண்டும். தாளம் தப்பினால் ஒலி சிதறும். பொத்தானை அழுத்திச் சற்று நேரம் கழித்தே மரியோ குதிப்பார். நல்ல எமுலேட்டருக்கும் மட்டமான எமுலேட்டருக்கும் உள்ள வேறுபாடு இதுவே.

இவ்வளவு வேலையையும் ஒரு மலிவான சிப் எப்படிச் செய்கிறது என்று கேட்கலாம். ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் 1983ஆம் ஆண்டு ஃபேமிகாம் என்ற பெயரில் வெளியிட்ட கருவியே, பின்னர் மேல்நாடுகளில் என்.இ.எஸ். என்ற பெயரில் விற்றது. அதன் சிப் நொடிக்குச் சுமார் 18 லட்சம் துடிப்புகளில் ஓடியது. அதன் வேலை நினைவகம் வெறும் 2 கிலோபைட். 1985இல் வந்த சூப்பர் மரியோ பிரதர்ஸ் விளையாட்டு முழுவதும் சேர்ந்து 40 கிலோபைட்தான். இன்று கைப்பேசியில் எடுக்கும் ஒரு புகைப்படம் இதைவிடப் பல மடங்கு பெரியது. ஆகவே ஆயிரக்கணக்கான பழைய விளையாட்டுகள் ஒரு சிறு மெமரி கார்டில் அடங்குவதில் வியப்பில்லை. இடத்துக்குச் செலவு இல்லை. உரிமைக்குச் செலவு உண்டு. அந்தச் செலவைச் செய்தவர் யார், செய்யாதவர் யார் என்பதே நாம் கவனிக்க வேண்டியது.

2. உரிமையாளர்களே வெளியிட்ட சிறு பெட்டிகள்

பழைய விளையாட்டுக்குப் புதிய சந்தை உண்டு என்பதைப் பெரிய அளவில் காட்டியவர்கள், அந்த விளையாட்டுகளின் உரிமையாளர்களே. 2016 நவம்பரில் நின்டெண்டோ தன் பழைய கருவியைக் கையளவுக்குச் சுருக்கி, 30 விளையாட்டுகளுடன் வெளியிட்டது. அமெரிக்காவில் விலை 60 டாலர். உள்ளே இருந்தது பழைய சிப் அன்று. நான்கு கருக்கள் கொண்ட சாதாரணப் புதிய சிப்பும், லினக்ஸ் இயங்குதளமும், நின்டெண்டோவின் ஐரோப்பியப் பிரிவு எழுதிய எமுலேட்டரும்தான். கடைக்கு வந்த வேகத்தில் சரக்கு தீர்ந்தது. இரு மடங்கு, மூன்று மடங்கு விலைக்கு வெளியில் கைமாறியது. சுமார் 23 லட்சம் பெட்டிகள் விற்ற நிலையில் 2017 ஏப்ரலில் உற்பத்தியை நிறுத்துவதாக நிறுவனம் அறிவித்தது. பிறகு 2018 ஜூனில் மீண்டும் சந்தைக்குக் கொண்டுவந்தது.

அடுத்து 2017 செப்டம்பரில் அதே நிறுவனத்தின் சூப்பர் என்.இ.எஸ். சிறு பெட்டி வந்தது. அதில் 21 விளையாட்டுகள். 2019 செப்டம்பரில் சேகா நிறுவனம் தன் மெகா டிரைவ் சிறு பெட்டியை 42 விளையாட்டுகளுடன் கொண்டுவந்தது.

இடையில் சோனி நிறுவனம் கண்ட அனுபவம் வணிகர்களுக்குத் தனிப் பாடம். 2018 டிசம்பர் 3ஆம் நாள் பிளேஸ்டேஷன் கிளாசிக் என்ற சிறு பெட்டி 20 விளையாட்டுகளுடன் 100 டாலருக்கு வந்தது. மூலக் கருவி 10 கோடிக்கும் மேல் விற்ற கருவி; பெயருக்குக் குறைவில்லை. ஆனால் 20இல் 9 விளையாட்டுகளுக்கு ஐரோப்பியப் பதிப்பைப் போட்டிருந்தார்கள். ஐரோப்பியப் பதிப்பு பழைய டி.வி. முறைக்கு ஏற்ப நொடிக்கு 50 முறை படம் மாறுவது. அமெரிக்க, ஜப்பானியப் பதிப்பு 60 முறை. ஆடிப் பழகியவர்கள் அந்த மந்தத்தை உடனே கண்டுபிடித்தார்கள். அந்த மாதம் முடிவதற்குள் அமெரிக்கக் கடைகளில் விலை 60 டாலருக்கு இறங்கியது. அடுத்த ஆண்டில் 40 டாலருக்கும் கீழே போனது. முழு விலைக்கு வாங்கி அடுக்கிய கடைக்காரர் நிலையை நாம் சொல்ல வேண்டியதில்லை. பழைய நினைவை நம்பி வருகிற வாடிக்கையாளர், அந்தப் பொருளை நம்மைவிட நன்றாக அறிந்தவர்.

இங்கே ஒன்றைக் குறித்துக்கொள்ளுங்கள். சொந்தமாகப் பல நூறு விளையாட்டுகள் வைத்திருந்த நிறுவனங்களே கொடுத்தது 30, 21, 20, 42 என்ற எண்ணிக்கைதான். ஒவ்வொரு விளையாட்டுக்கும் இசை உரிமை, பாத்திர உரிமை, வெளியீட்டாளர் உரிமை என்று தனித்தனியே ஒப்பந்தம் வேண்டியிருப்பதும் இதற்கு ஒரு காரணம். அப்படியிருக்க, பெயர் தெரியாத ஒரு பெட்டியில் பத்தாயிரம் விளையாட்டுகள் இருக்கின்றன என்றால், அந்த எண்ணிக்கையே நமக்கு முதல் எச்சரிக்கை.

3. பெட்டியை மாற்றியமைத்தல்

முப்பது விளையாட்டு போதாது என்று நினைத்த ஆர்வலர்கள் சும்மா இருக்கவில்லை. நின்டெண்டோ பெட்டி வெளிவந்து இரண்டே மாதத்தில், 2017 ஜனவரியில், 'ஹக்சி' என்ற இலவச மென்பொருளைக் கொண்டு அதைத் திறக்க வழி கண்டார்கள். அந்தச் சிப்பில், தொழிற்சாலையில் பழுது பார்ப்பதற்கென ஒரு வழி உண்டு. பெட்டியைக் கணினியுடன் யு.எஸ்.பி. கம்பியால் இணைத்து அந்த வழியே நுழைந்தால், உள்ளே இருக்கும் நிரலைப் படிக்கலாம், மாற்றியும் எழுதலாம். பிளேஸ்டேஷன் கிளாசிக் பெட்டியோ சில நாள்களிலேயே திறக்கப்பட்டது. பூட்டைத் திறக்கும் மறைசாவியைப் பெட்டிக்குள்ளேயே விட்டுவைத்திருந்தார்கள்!

திறந்த பெட்டியில் பலர் ஏற்றுவது 'ரெட்ரோ ஆர்ச்' என்ற இலவச மென்பொருள். இது ஒரு சட்டகம் போன்றது. ஒவ்வொரு பழைய கருவிக்கும் ஓர் எமுலேட்டர் என்ற கணக்கில், 'கோர்' எனப்படும் தனித்தனிப் பகுதிகளை இதில் சேர்த்துக்கொள்ளலாம். அப்போது நின்டெண்டோ பெட்டியில் சேகா விளையாட்டும் ஓடும்.

தவறான நிரலை ஏற்றினால் பெட்டி இயங்காமல் போகவும் கூடும். விவரம் அறிந்தவர்கள் மாற்றுவதற்குமுன் மூல நிரலை நகலெடுத்து வைத்துக்கொள்கிறார்கள். உத்தரவாதத்தையும் எதிர்பார்க்க முடியாது. தம் சொந்தப் பெட்டியில் வீட்டில் செய்துபார்க்கும் ஆர்வலரின் நிலை வேறு. அதையே கூலிக்குச் செய்துகொடுக்கும், ஏற்றிய பெட்டியை விலைக்கு வைக்கும் கடைக்காரரின் நிலை வேறு. மெமரி கார்டில் சினிமாப் பாட்டும் படமும் ஏற்றிக் கொடுத்த செல்போன் கடைகள் வழக்கில் சிக்கியதை நாம் மறந்துவிடக் கூடாது. ஏற்றும் சரக்கு பாட்டா, விளையாட்டா என்பதில் சட்டம் வேறுபாடு பார்ப்பதில்லை.

4. எமுலேட்டர் மென்பொருள் குற்றமா?

குற்றமன்று. இந்தக் கேள்வி அமெரிக்காவில் சோனி நிறுவனம் தொடுத்த இரண்டு வழக்குகளில் விவாதிக்கப்பட்டது. கனெக்டிக்ஸ் என்ற நிறுவனம் பிளேஸ்டேஷன் விளையாட்டுகளைக் கணினியில் ஓட்டும் எமுலேட்டரை 1999இல் விற்றது. சோனியின் நிரலை ஆராய்ந்து, தானாக வேறு நிரல் எழுதியது நியாயமான பயன்பாடே என்று 2000ஆம் ஆண்டு மேல்முறையீட்டு நீதிமன்றம் கூறியது. மற்றொன்று 'பிளீம்' என்ற சிறு நிறுவனம். விளம்பரத்தில் சோனி விளையாட்டின் படங்களை ஒப்பீட்டுக்காகக் காட்டியது பற்றிய வழக்கில் அதற்கும் அதே ஆண்டு சாதகமான தீர்ப்புக் கிடைத்தது.

ஆனால் முடிவைக் கேளுங்கள். கனெக்டிக்ஸின் எமுலேட்டரை 2001இல் சோனியே விலைக்கு வாங்கி, விற்பனையை நிறுத்தியது. பிளீம் நிறுவனம் வழக்குச் செலவைத் தாங்க முடியாமல் அதே ஆண்டு மூடப்பட்டது. வழக்கில் வென்றவர் கடையை இழந்தார். சிறு வணிகர்கள் நன்றாக உணரக்கூடிய செய்தி இது. இன்னொரு வேடிக்கையும் உண்டு. 2018இல் வந்த சோனியின் சிறு பெட்டிக்குள் ஓடியது, ஆர்வலர்கள் எழுதிய பி.சி.எஸ்.எக்ஸ். ரீஆர்ம்டு என்ற இலவச எமுலேட்டரே.

மென்பொருள் குற்றமன்று என்பதால் அதை யாரும் எப்படியும் விற்கலாம் என்று பொருள் கொள்ளக் கூடாது. இலவசம் என்பது வேறு, உரிமையாளர் இல்லை என்பது வேறு. ரெட்ரோ ஆர்ச் மென்பொருளை விற்பனைப் பெட்டியில் சேர்க்கலாம். ஆனால் அதன் உரிமத்தின்படி மூல நிரலையும் வாங்குவோருக்குக் கிடைக்கச் செய்ய வேண்டும். சூப்பர் என்.இ.எஸ். விளையாட்டுகளை ஓட்டும் ஸ்னெஸ்9எக்ஸ் என்ற எமுலேட்டரின் உரிமமோ, வணிகப் பயன்பாட்டுக்கு இடம் தருவதில்லை. அதைப் பதிந்து பெட்டியை விற்றாலே உரிமத்தை மீறியதாகும். கேப்காம் நிறுவனத்தின் பெயரில் 2019இல் வந்த ஒரு பெட்டியிலும் இந்தச் சிக்கல் எழுந்தது. வணிக நோக்கமின்றிப் பலர் சேர்ந்து எழுதிய எமுலேட்டரை, அவர்களில் ஒருவர் மட்டும் வணிகத்துக்கு உரிமம் கொடுத்தார் என்று மற்றவர்கள் எதிர்த்தார்கள். பிரிந்துபோய் வேறு பெயரில் தம் பணியைத் தொடர்ந்தார்கள்.

புதிய கருவிகளின் எமுலேட்டர்கள் பற்றிய நிலையும் வேறு. நின்டெண்டோ ஸ்விட்ச் 2024இல் அன்றைய தலைமுறைக் கருவி. அதன் விளையாட்டுகளுக்கு மறைகுறிப் பூட்டு உண்டு. அதற்கான 'யூசு' என்ற எமுலேட்டரை எழுதியவர்கள்மீது நின்டெண்டோ வழக்குத் தொடுத்தது. 2024 மார்ச்சில் 24 லட்சம் டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டு அவர்கள் பணியை நிறுத்தினார்கள்.

5. விளையாட்டு யாருடையது?

"முப்பது நாற்பது வருஷத்துப் பழைய கேம்தானே, இன்னுமா உரிமை இருக்கும்?" என்று கேட்போர் பலர். நம் நாட்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின்படி கணினி நிரல் ஓர் இலக்கியப் படைப்பாகக் கருதப்படுகிறது. ஆசிரியர் மறைந்த பின்னும் 60 ஆண்டுகள் உரிமை தொடரும். மரியோவைப் படைத்த ஷிகேரு மியாமோட்டோ 1952இல் பிறந்தவர். இன்றும் நம்மிடையே வாழ்கிறார். அமெரிக்காவில் நிறுவனப் படைப்புகளுக்கு வெளியீட்டிலிருந்து 95 ஆண்டுகள். 1985இல் வந்த விளையாட்டுக்கு 2080 வரை உரிமை உண்டு. பழசு என்பதாலோ, இப்போது கடையில் கிடைப்பதில்லை என்பதாலோ உரிமை போய்விடுவதில்லை. பூட்டிக் கிடக்கும் கிடங்கானாலும் உடையவர் ஒருவர் இருக்கிறார் அல்லவா?

உரிமையாளர்கள் தூங்கவும் இல்லை. ரோம் கோப்புகளை வழங்கிய இரண்டு இணையதளங்களை நடத்தியவர்கள்மீது நின்டெண்டோ 2018இல் அமெரிக்காவில் வழக்குத் தொடுத்தது. 1 கோடியே 22 லட்சம் டாலருக்குத் தீர்ப்பானது.

6. நம் நாட்டுச் சட்டம் என்ன சொல்கிறது?

1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டத்தில் நமக்கு வேண்டிய பிரிவுகள் சிலவற்றை மட்டும் பார்ப்போம்.

பிரிவு 51: உரிமை மீறிய பிரதியை விற்பது மட்டுமல்ல, வாடகைக்கு விடுவதும், வணிக முறையில் பார்வைக்கு வைப்பதும், விற்பனைக்கு என்று முன்வைப்பதும், இறக்குமதி செய்வதும் மீறலே. கண்ணாடி அலமாரியில் வைத்திருந்தேன், ஒன்றுகூட விற்கவில்லை என்பது பதிலாகாது.

பிரிவு 52: முறைப்படி வாங்கிய நிரலுக்கு, தொலைந்தாலோ கெட்டுப்போனாலோ பயன்படட்டும் என்று வாங்கியவர் ஒரு காப்பு நகல் எடுத்துக்கொள்ளலாம். இந்தச் சலுகை வாங்கியவருக்கு உரியது. நகலை எடுத்து நாலு பேருக்கு விற்கும் வணிகருக்கு உரியதன்று.

பிரிவு 63: தெரிந்தே மீறினாலும், மீறலுக்குத் துணை நின்றாலும் 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை, ரூ.50,000 முதல் ரூ.2 லட்சம் வரை அபராதம். வணிக லாபத்துக்காகச் செய்யாதவருக்கு நீதிமன்றம் தண்டனையைக் குறைக்க இடமுண்டு. கடை வைத்திருப்பவர் அந்தச் சலுகையை எதிர்பார்க்க முடியாது.

பிரிவு 64: சார் ஆய்வாளர் நிலைக்குக் குறையாத காவல் அதிகாரி, வாரண்டு இல்லாமலே பிரதிகளைக் கைப்பற்றலாம்.

பிரிவு 63இன் கீழ் வரும் குற்றம் காவல்துறை நேரடியாக நடவடிக்கை எடுக்கத்தக்கது, பிணையை உரிமையாகக் கேட்க முடியாதது என்று உச்ச நீதிமன்றம் 2022 மே மாதம் ஒரு வழக்கில் தெளிவாக்கியது.

'தெரிந்தே' என்ற சொல் சட்டத்தில் இருக்கிறதே, எனக்குத் தெரியாது என்றால் போதாதா என்று கேட்கலாம். பில் இல்லை, கம்பெனிப் பெயர் இல்லை, பத்தாயிரம் விளையாட்டு என்று மேலட்டையில் அச்சிட்டிருக்கிறது, விலையோ ஆயிரம் ரூபாய்க்குள். இவற்றைப் பார்த்த பின்னும் தெரியாது என்றால் நீதிமன்றம் நம்புமா என்பதை நீங்களே எண்ணிப் பாருங்கள். எண்ணெயில் உணவுப் பாதுகாப்பு அலுவலர் மாதிரி எடுக்கும்போது, நாம் வாங்கி விற்பவர்தாம் என்பதை மெய்ப்பிக்க வாங்கிய பில்தானே நமக்குத் துணை நிற்கிறது! இங்கும் அப்படியே.

7. இத்தாலியில் நடந்தது

இது வெறும் ஏட்டுச் சட்டம் என்று நினைப்போருக்கு ஒரு செய்தி. 2024 செப்டம்பரில் இத்தாலியின் நிதிக் காவல்துறை, சீனாவிலிருந்து வந்த பழைய பாணி வீடியோ கேம் பெட்டிகள் சுமார் 12,000ஐக் கைப்பற்றியதாக அறிவித்தது. அவற்றில் பதிந்திருந்த திருட்டு விளையாட்டுப் பிரதிகள் 4 கோடியே 70 லட்சம். அதாவது பெட்டி ஒன்றுக்குச் சராசரி சுமார் 3,900. நடவடிக்கைக்கு உள்ளானவர்கள் 9 இத்தாலிய வணிகர்கள். பெட்டியைத் தயாரித்தவர் கடலுக்கு அப்பால் இருந்தார். விற்றவர் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தார். எந்த ஊரிலும் சட்டத்தின் கை முதலில் தொடுவது கல்லாவில் உட்கார்ந்திருப்பவரைத்தான்.

அந்தப் பெட்டிகளில் இன்னொரு குறையும் இருந்தது. பேட்டரிக்கும் மின்சுற்றுக்கும் உரிய பாதுகாப்புத் தரத்தை அவை எட்டவில்லை. குழந்தைகள் கையில் கொடுக்கும் பொருள் என்பதால் இதை நாம் உரிமைப் பிரச்சினைக்குக் குறைவாக எண்ணக் கூடாது.

8. கணக்குப் போட்டுப் பார்ப்போம்

எண்ணிக்கைக்காக வைத்துக்கொள்வோம். ஒரு பெட்டி ரூ.900 வீதம் 20 பெட்டிகள், முதலீடு ரூ.18,000. பெட்டிக்கு ரூ.300 லாபம் என்றால் எல்லாம் விற்றபின் கையில் நிற்பது ரூ.6,000. சிக்கினால் சரக்கு ரூ.18,000 போகும். குற்றம் மெய்ப்பிக்கப்பட்டால் வழக்கமான குறைந்தபட்ச அபராதமே ரூ.50,000. வக்கீல் செலவு, கடை மூடிய நாள்களின் வியாபாரம், தெருவில் கெட்ட பெயர் ஆகியவை தனி. அரிசியும் பருப்பும் விற்று ஆண்டுக்கணக்கில் சேர்த்த நாணயத்தை ஆறாயிரம் ரூபாய்க்கு அடகு வைக்கலாமா?

"எல்லோரும் விற்கிறார்களே, இணைய வழியிலும் கிடைக்கிறதே" என்பது அடுத்த கேள்வி. அது உண்மையே. 1990களிலும் டி.வி. வீடியோ கேமும் '99 இன் 1' என்று அச்சிட்ட கேசட்டுகளும் கடைக்குக் கடை தொங்கின. நம்மில் சிலர் விற்றும் இருக்கிறோம். ஆனால் அந்நாளில் கணக்கில் வராத வியாபாரம் பல இருந்தன. இன்று சரக்கு வந்ததும் போனதும் ஜி.எஸ்.டி. கணக்கில் நிற்கிறது, வாங்கிய பணம் கைப்பேசி வழியே வங்கியில் பதிகிறது. பிறர் விற்கிறார் என்பது விலை வைக்க உதவும், வழக்கில் உதவாது.

9. வாங்குமுன் கேட்க வேண்டிய ஆறு கேள்விகள்

அ) ஜி.எஸ்.டி. எண்ணுடன் முறையான பில் உண்டா? இல்லையென்றால் பேச்சு அங்கேயே முடியட்டும்.

ஆ) பெட்டியின்மேல் இறக்குமதியாளர் பெயர், முகவரி, தயாரித்த நாடு, மாதம், ஆண்டு, அதிகபட்ச சில்லறை விலை, நுகர்வோர் புகார் தொடர்பு ஆகியவை அச்சாகியுள்ளனவா? மற்ற பொட்டலப் பொருள்களுக்கு உள்ள எடையளவுச் சட்ட விதிகள் இதற்கும் உண்டு.

இ) பி.ஐ.எஸ். பதிவு முத்திரையும் பதிவு எண்ணும் உள்ளனவா? மின்னணு வீடியோ கேம் கருவிகள் 2012ஆம் ஆண்டின் கட்டாயப் பதிவு ஆணையில் முதலிலேயே சேர்க்கப்பட்ட பொருள்களுள் அடங்கும். அடாப்டரிலும் முத்திரை இருக்க வேண்டும்.

ஈ) உள்ளே எத்தனை விளையாட்டு? ஒவ்வொன்றின் உரிமையாளர் பெயரும் மேலட்டையிலோ கையேட்டிலோ இருக்கிறதா? முறையான பெட்டியில் இது தவறாமல் இருக்கும்.

உ) எந்த எமுலேட்டர்? அதன் உரிமம் வணிக விற்பனைக்கு இடம் தருகிறதா? முகவருக்குத் தெரியாவிட்டால் கம்பெனியிடம் எழுத்தில் கேட்டு வாங்கச் சொல்லுங்கள்.

ஊ) விளையாட்டுகளின் உரிமை குறித்து வழக்கு வந்தால் பொறுப்பு வழங்குநருடையது என்று எழுதிக் கையெழுத்திட்டுத் தருவாரா? இந்தத் தாள் ஒன்றே நம்மை முழுவதும் காப்பாற்றிவிடாது. ஆனால் எழுதித் தரத் தயங்குகிறவர் யார் என்பதை அது காட்டிக் கொடுத்துவிடும்.

10. நேரான வழியும் உண்டு

பழைய விளையாட்டின்மேல் மக்களுக்கு உள்ள பிரியம் உண்மையானது. அந்தச் சந்தையை நாம் விட்டுவிட வேண்டியதில்லை. முப்பது நாற்பது வயதுப் பெற்றோர், தாம் ஆடியதைத் தம் பிள்ளைகளுக்குக் காட்ட விரும்புகிறார்கள். பிரிட்டனின் பிளேஸ் நிறுவனம் 2020இல் கொண்டுவந்த 'எவர்கேடு' கருவிக்கு, உரிமை பெற்ற விளையாட்டுகள் மட்டும் கொண்ட கேசட்டுகள் தனியே விற்கின்றன. 2023இல் வந்த அட்டாரி 2600 பிளஸ் கருவி, பழைய அசல் கேசட்டுகளையே ஏற்றுக்கொள்கிறது. உள்ளே ஓடுவது 'ஸ்டெல்லா' என்ற எமுலேட்டர். முறையான பில்லோடும் மேற்சொன்ன முத்திரைகளோடும் இத்தகைய பொருள் கிடைத்தால் தாராளமாக வைக்கலாம். விலை கூடுதல்தான், அந்தக் கூடுதலில் உரிமையாளருக்குச் சேர வேண்டியது அடங்கியிருக்கிறது.

ஏற்கெனவே இருப்பில் ஐயத்துக்குரிய பெட்டிகள் இருந்தால், அவற்றை அலமாரியிலிருந்து இன்றே எடுத்து வையுங்கள். வழங்குநரிடம் திருப்பிக் கொடுத்துப் பணம் கேளுங்கள். காவல்துறையிடமிருந்தோ உரிமையாளரின் வக்கீலிடமிருந்தோ கடிதம் வந்திருந்தால், தாமாகப் பதில் எழுதாமல் வழக்கறிஞரைப் பார்ப்பதே நல்லது.

பாடத்தை நினைவில் வைக்க மூன்று கேள்விகள்:

1. எமுலேட்டர் மென்பொருளுக்கும் ரோம் கோப்புக்கும் உள்ள வேறுபாடு என்ன?

2. விற்காமல் பார்வைக்கு மட்டும் வைத்திருந்தால் மீறலாகுமா? எந்தப் பிரிவின்படி?

3. உரிமையாளர்களே வெளியிட்ட பெட்டிகளில் இருந்த விளையாட்டுகளின் எண்ணிக்கை என்ன? உங்களிடம் வந்த பெட்டியில் எத்தனை?

மூன்றாம் கேள்விக்கு விடை எழுதி முடித்ததும், முகவருக்கு என்ன பதில் சொல்வது என்பது உங்களுக்கே தெரிந்துவிடும். கடையில் வேலை செய்யும் தம்பிகளுக்கும் இந்தப் பாடத்தைப் படித்துக் காட்டுங்கள். நாம் இல்லாத நேரத்தில் முகவரிடம் சரக்கு இறக்கிக்கொள்பவர்கள் அவர்கள்தாமே!